சேலஞ்சர் என்றால் அவ்வளவு இளப்பமா?

உங்கள் டென்னிஸ் கட்டுரையில், முதன்மைத் தொடர்களுக்கு ஒரு படி கீழே நடக்கும் சேலஞ்சர் போட்டிகளை ‘இரண்டாம் தரம்’ என்று ஒரே வரியில் தள்ளிவிட்டீர்கள், கொஞ்சம் உறுத்துகிறது. நம் இந்திய வீரர் சுமித் நாகல் 2023இல் ரோமிலும் பின்லாந்தின் தாம்பெரேயிலும், 2024 ஜூனில் ஜெர்மனியின் ஹைல்பிரானிலும் பட்டம் வென்றது இந்தச் செம்மண் தளச் சேலஞ்சர்களில்தான், பாரிஸ் ஒலிம்பிக் இடத்தை அவருக்கு ஏறக்குறைய உறுதி செய்ததும் அந்த ஹைல்பிரான் வெற்றிதான். அதே ஆண்டு மான்டே கார்லோவில் நடந்த பெரிய செம்மண் போட்டியில் இத்தாலி வீரர் அர்னால்டியை வீழ்த்தியபோது எல்லோரும் கைதட்டினோம். அந்தக் கால்கள் எங்கே பழகின என்று யாரும் கேட்கவில்லை. செம்மண் என்கிறோமே தவிர அது அரைத்த செங்கல் தூள். பந்து விழுந்ததும் வேகம் குறைந்து மேலே எழும்பும், சர்வீஸை மட்டும் நம்புகிறவர் திணறுவார், நாகல் மாதிரி ஓடி ஓடித் திருப்பி அடிக்கிற ஆளுக்குத் தோது. சரி, பணம்? 2023இல் தன் வங்கிக் கணக்கில் சுமார் 900 யூரோதான் இருக்கிறது என்று அவரே சொன்னார். பயிற்சியாளர், விமான டிக்கெட், அறை வாடகை எல்லாம் இருக்கிறதே, முதல் சுற்றில் தோற்றால் அந்த வாரம் கைக்காசுதான் போகும். அப்புறம் ஒரு திருத்தம், சேலஞ்சர் 50, 75, 100 என்பது வெற்றியாளருக்குக் கிடைக்கும் தரவரிசைப் புள்ளிகள், நீங்கள் எழுதியதுபோல் பரிசுத்தொகை இல்லை.