ஒருமனப்பட்டுக் கல்லெறிந்தவர்கள்

நம் சபைகளில் ‘ஒருமனம்’ என்ற பேச்சு இல்லாமல் ஒரு கூட்டம் முடிவதில்லை. ‘ஒருமனப்பட்டு ஜெபிப்போம்’ என்று தொடங்கி, ‘ஒருமனதாகத் தீர்மானிக்கப்பட்டது’ என்று மினிட் புத்தகத்தில் எழுதி மூடுகிறோம். இதற்கு வேதத்தில் வேராக இருப்பது ஒரு கிரேக்க வினையடை. ஹோமோதுமதோன். புதிய ஏற்பாடு முழுவதிலும் 11 இடங்களில்தான் இருக்கிறது. 10 இடங்கள் அப்போஸ்தலர் நடபடிகளில், ஒன்று ரோமருக்கு எழுதின நிருபத்தில். இவ்வளவு அரிதாக வருகிற ஒரு சொல்லை நாம் பாராட்டுச் சொல்லாகவே எடுத்துக்கொண்டோம். அது பாராட்டுச் சொல் அல்ல என்பதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு. கொஞ்சம் நீளமாகத்தான் வரும்.

முதலில் வேரைப் பார்த்துவிடலாம். ‘ஹோமோஸ்’ என்றால் ஒரே. ‘துமோஸ்’ என்பதைத்தான் மனம் என்கிறோம். ஆனால் அது நிதானமாக யோசிக்கிற மனம் இல்லை. ஹோமரின் காவியங்களில் வீரனுடைய நெஞ்சுக்குள் எழும்புகிற துணிச்சல், ஆசை, சினம் எல்லாமே துமோஸ்தான். புதிய ஏற்பாட்டுக்கு வரும்போது பெரும்பாலும் கோபம், உக்கிரம் என்ற பொருளிலேயே நிற்கிறது. அப்படியானால் அந்த வினையடைக்குள் இருப்பது ஒரே வேகம், ஒரே உணர்ச்சி. அந்த உணர்ச்சி நல்லதா கெட்டதா என்று அந்தச் சொல் சொல்வதில்லை. பிரசங்கங்களில் இதை இசைக்கு ஒப்பிட்டு, பல சுரங்கள் ஒரே நடத்துநரின் கீழ் இணைவதுபோல என்று விளக்குவார்கள். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் அந்தச் சொல்லுக்குள் சுரமும் இல்லை, நடத்துநரும் இல்லை. பிற்காலத்தில் யாரோ போட்ட அலங்காரம் அது.

அப்போஸ்தலர் நடபடிகளை எழுதிய லூக்கா இதை யாருக்கெல்லாம் சொல்கிறார் என்று பாருங்கள். மேல்வீட்டில் பெண்களோடும் மரியாளோடும் ஜெபித்துக்கொண்டிருந்தவர்களுக்குச் சொல்கிறார். தேவாலயத்தில் தினமும் கூடினவர்கள், பேதுருவும் யோவானும் விடுதலையானதும் சத்தமிட்டு ஜெபித்தவர்கள், சாலொமோன் மண்டபத்தில் இருந்தவர்கள், எருசலேமிலிருந்து கடிதம் அனுப்பினவர்கள் ஆகியோருக்கும் சொல்கிறார். இவை ஐந்து. மீதி ஐந்தில் விசுவாசிகளே இல்லை. பிலிப்புவின் பேச்சைக் கவனித்த சமாரியா ஜனங்கள் ஒரு கூட்டம். ஏரோதிடம் சமாதானம் கேட்டு வந்த தீரு, சீதோன் ஊரார் இன்னொரு கூட்டம். அவர்களுக்குச் சாப்பாடு ராஜாவின் நாட்டிலிருந்து வரவேண்டியிருந்தது, அதனால் வந்த ஒருமனம் அது. கொரிந்துவில் பவுலைக் கல்லியோனின் நியாயாசனத்துக்கு முன் இழுத்துப்போனவர்களுக்கும் அதே சொல்தான். மற்ற இரண்டும் ஸ்தேவானைக் கொன்றவர்களும் எபேசுவின் கலகக் கூட்டமும்.

அதாவது சரிபாதி. இது தற்செயல் என்று என்னால் நம்ப முடியவில்லை. கூட்டம் என்றால் என்னவென்று லூக்காவுக்கு நன்றாகத் தெரியும்.

ஸ்தேவான் கதையை மட்டும் எடுங்கள். 7ஆம் அதிகாரம் 57ஆம் வசனம். அவர்கள் கூக்குரலிட்டார்கள், தங்கள் காதுகளை அடைத்துக்கொண்டார்கள், ஒருமனப்பட்டு அவன்மேல் பாய்ந்தார்கள். அந்த வரிசையைக் கவனியுங்கள். காதை அடைத்த பிறகுதான் ஒருமனம் வருகிறது. கேட்க மறுப்பதே அவர்களை ஒன்றாக்கியது. இந்த ஸ்தேவான் யார்? அதற்கு முந்தின அதிகாரத்தில் ஒரு முறுமுறுப்பு எழுகிறது. கிரேக்க மொழி பேசின விதவைகளுக்குத் தினசரிப் பந்தியில் சரியாகக் கிடைக்கவில்லை என்று புகார். அப்போஸ்தலர் பன்னிருவரும் அதை அடக்கவில்லை. ‘ஒருமனத்தைக் கெடுக்காதீர்கள்’ என்று யாரையும் அதட்டவில்லை. சபையைக் கூட்டி, ஏழு பேரைத் தெரிந்தெடுக்கச் சொன்னார்கள். ஏழு பேருக்கும் கிரேக்கப் பெயர்கள். அதில் முதல் பெயர் ஸ்தேவான். ஒரு புகாரைக் காதுகொடுத்துக் கேட்டதால் பொறுப்புக்கு வந்த மனிதனைக் காதை அடைத்துக்கொண்ட ஒரு கூட்டம் கொன்றது.

எபேசு இன்னும் தெளிவானது. வெள்ளித் தட்டான் தெமேத்திரியு தொழில்காரர்களைக் கூட்டிப் பேசுகிறான். முதலில் பவுலின் பேச்சால் வருமானம் போகிறது என்கிறான், அப்புறம்தான் தியானாள் தேவியின் மகிமையை இழுக்கிறான். அதைக் கேட்டு அவர்கள் கோபத்தால் நிறைந்தார்கள் என்று 19ஆம் அதிகாரம் 28ஆம் வசனம் சொல்கிறது. அந்தக் ‘கோபம்’ என்ற இடத்தில் கிரேக்கத்தில் இருப்பது துமோஸ். அடுத்த வசனத்திலேயே அவர்கள் ஹோமோதுமதோன் அரங்கசாலைக்குள் பாய்கிறார்கள். வேரையும் கிளையையும் பக்கத்துப் பக்கத்து வசனங்களில் வைத்திருக்கிறார் லூக்கா. தீரு, சீதோன் பகுதியிலும் இதே வேலைதான். ஏரோதின் கோபத்தைச் சொல்கிற வினைக்குள்ளும் துமோஸ் இருக்கிறது.

அந்த அரங்கசாலை இன்றும் துருக்கியில் செல்சுக் ஊருக்குப் பக்கத்தில் நிற்கிறது. ஏறக்குறைய 25,000 பேர் உட்காரலாம் என்கிறார்கள். அதற்குள் நுழைந்த கூட்டம் ஏறக்குறைய இரண்டு மணி நேரம் ஒரே கோஷத்தைப் போட்டது. லூக்கா நடுவில் ஒரு வரி எழுதுகிறார்: தாங்கள் கூடிவந்த காரணம் இன்னதென்று அநேகருக்குத் தெரியாதிருந்தது. ஏன் வந்தோம் என்று தெரியாமலே ஒருமனப்பட்டிருக்க முடியும் என்பதை இதைவிட நேராக எப்படிச் சொல்வது? அன்று எபேசுவைக் காப்பாற்றியவர் அந்த ஊர்ச் சம்பிரதி, அதாவது பட்டணத்தின் எழுத்தர். கோர்ட் இருக்கிறது, நியாயம் விசாரிக்கிற நாட்கள் இருக்கின்றன, வழக்கு இருந்தால் அங்கே போங்கள் என்று சொல்லிக் கூட்டத்தைக் கலைத்தார். அவர் விசுவாசி என்று எங்கேயும் இல்லை. கூட்டத்தோடு சேர்ந்து கத்தாதவர், அவ்வளவுதான்.

நம் பழைய தமிழ் வேதாகமத்தை இங்கே மனதாரப் பாராட்ட வேண்டும். 1871இல் ஹென்றி பவர் குழு முடித்த மொழிபெயர்ப்பின் வழியில் வருகிற, நம் சபைகளில் இன்றும் வாசிக்கிற அந்தப் பதிப்பில், மேல்வீட்டுக்கும் ‘ஒருமனப்பட்டு’, கல்லெறிந்தவர்களுக்கும் ‘ஒருமனப்பட்டு’, எபேசுக் கலகத்துக்கும் ‘ஒருமனப்பட்டு’. ஜேம்ஸ் மன்னரின் ஆங்கிலப் பதிப்பிலும் இப்படித்தான். நவீன ஆங்கிலப் பதிப்புகளில் பல, ஜெபிக்கிற இடத்தில் ஒரு சொல்லும் பாய்கிற இடத்தில் வேறு சொல்லும் போட்டு இந்தத் தொடர்பை அறுத்துவிட்டன. பெந்தெகொஸ்தே நாளைச் சொல்லும் 2ஆம் அதிகாரம் முதல் வசனத்திலும் நம் பதிப்பில் ‘ஒருமனப்பட்டு’ வருகிறது. அது பிற்காலக் கிரேக்கப் பிரதிகளின் வழி. பழைய பிரதிகளில் அங்கே ‘ஒன்றாக’ என்று மட்டுமே இருக்கிறது. அதனால்தான் மேலே 11 என்றேன், 12 என்று சொல்லவில்லை.

தமிழ் இன்னொரு நன்மையும் செய்திருக்கிறது. கிரேக்க வினையடை எப்படிச் செய்தார்கள் என்பதை மட்டும் காட்டும். தமிழில் ‘பட்டு’ இருக்கிறது. மனம் ஒன்றுபட்டது என்றால் அதற்கு முன் ஒன்றாக இல்லை, நடுவில் என்னவோ நடந்தது என்று பொருள். அந்த நடுவில் நடந்ததைத் தேடினால் 15ஆம் அதிகாரத்துக்குப் போக வேண்டும்.

விசுவாசத்துக்கு வந்த புறஜாதியார், அதாவது யூதரல்லாதவர்கள், விருத்தசேதனம் செய்ய வேண்டுமா என்பது கேள்வி. அந்தியோகியாவில் பெரிய வாக்குவாதம். எருசலேமுக்கு வந்தும் மிகுந்த தர்க்கம் உண்டானது என்று 7ஆம் வசனம் மறைக்காமல் எழுதுகிறது. பரிசேயர் பக்கத்திலிருந்து வந்த விசுவாசிகளும் எழும்பித் தங்கள் வாதத்தைச் சொன்னார்கள், யாரும் அவர்கள் வாயை அடைக்கவில்லை. பேதுரு பேசினார். பர்னபாவும் பவுலும் நடந்ததைச் சொன்னார்கள். யாக்கோபு முடிவைச் சொன்னார். இவ்வளவுக்கும் பிறகு எழுதின கடிதத்தில், 25ஆம் வசனத்தில்தான் ஹோமோதுமதோன் வருகிறது. அங்கே மட்டும் அதற்கு முன்னால் ‘ஆகி’ என்ற பொருளில் ஒரு வினையும் நிற்கிறது. நம்முடைய ‘பட்டு’ அந்த இடத்தில் அப்படியே பொருந்துகிறது. இன்னும் ஒன்று. அதே அதிகாரம் முடிவதற்குள் பவுலும் பர்னபாவும் மாற்குவைக் கூட்டிப்போவதைப் பற்றிக் கடுமையாக மோதி, ஒருவர் சீப்புரு தீவுக்கும் மற்றவர் சீரியா, சிலிசியா பக்கமும் போய்விடுகிறார்கள். லூக்கா அதையும் எழுதுகிறார்.

இதையெல்லாம் படித்துவிட்டு நம் சபைகளைப் பார்த்தால் எனக்கு மனம் கனக்கிறது. நான் போய்க்கொண்டிருந்த ஒரு சபையில், கட்டட நிதிக் கணக்கைப் பொதுக்குழுவில் வாசிக்கச் சொல்லி ஒரு பெரியவர் கேட்டார். வயதானவர், யாரையும் குற்றம் சாட்டவில்லை, கணக்கு மட்டும்தான் கேட்டார். ‘ஐயா, ஒருமனத்தைக் கெடுக்காதீங்க, பிசாசுக்கு இடம் கொடுக்காதீங்க’ என்று பதில் வந்தது. எல்லாரும் ஆமென் என்றார்கள். அவர் உட்கார்ந்துவிட்டார். கணக்கு வாசிக்கப்படவில்லை. அன்றைய தீர்மானம் ‘ஒருமனதாக’ நிறைவேறியதாக எழுதப்பட்டது. ஒரு மனிதனை வெட்கப்படுத்தி வாங்கின அந்த ஒருமனம் நிச்சயமாக 15ஆம் அதிகாரத்தினுடையது அல்ல.

பழைய ஏற்பாட்டின் கிரேக்க மொழிபெயர்ப்பிலும் இந்தச் சொல் உண்டு. சீனாய் மலையடியில், கர்த்தர் சொன்னதையெல்லாம் செய்வோம் என்று ஜனங்கள் ஹோமோதுமதோன் பதில் சொல்கிறார்கள், யாத்திராகமம் 19:8. மோசே மலையில் இருந்த 40 நாளுக்குள் அதே ஜனங்கள் பொன் கன்றுக்குட்டி கேட்டுச் சேர்ந்து வந்தார்கள்.

ரோமர் 15:6 மட்டும்தான் லூக்கா எழுதாத இடம், அது பவுல் எழுதியது. ஸ்தேவானைக் கல்லெறிந்தவர்கள் தங்கள் வஸ்திரங்களைக் கழற்றி வைத்தது சவுல் என்ற வாலிபனுடைய பாதத்தருகே. அந்தச் சவுல்தான் பின்னாளில் பவுல். அந்தக் கூட்டத்தின் ஒருமனத்தை அவ்வளவு பக்கத்தில் நின்று பார்த்த மனிதர், இந்தச் சொல்லை எந்த இடத்தில் வைக்கிறார்? ரோமில் சிலர் எல்லாம் சாப்பிடுகிறார்கள், சிலர் மரக்கறி மட்டும். சிலர் நாள் பார்க்கிறார்கள், சிலர் பார்ப்பதில்லை. பவுல் ஒருவரையும் மற்றவர் பழக்கத்துக்கு மாறச் சொல்லவில்லை. அவனவன் தன் தன் மனதிலே முழு நிச்சயத்தை உடையவனாக இருக்கட்டும் என்று 14ஆம் அதிகாரத்தில் எழுதிவிட்டு, ஒருவரையொருவர் குற்றவாளியாகத் தீர்க்காதீர்கள் என்கிறார். அதற்குப் பிறகுதான், ஒருமனப்பட்டு, ஒரே வாயினால் தேவனை மகிமைப்படுத்துங்கள் என்று வருகிறது. சாப்பாட்டில் வேறுபாடு அப்படியே இருக்கிறது, வழிபாட்டில் குரல் ஒன்றாகிறது. எனக்கு இந்த இடம்தான் ரொம்பப் பிடித்தது.

போதகர்களுக்கும் கமிட்டி அங்கத்தினர்களுக்கும் ஒரு வேண்டுகோள். ‘ஒருமனதாக நிறைவேறியது’ என்ற ஒற்றை வரியோடு மினிட் புத்தகத்தை மூடாதீர்கள். யார் என்ன கேட்டார், யார் என்ன பதில் சொன்னார் என்பதை அதற்கு மேலே எழுதுங்கள். 15ஆம் அதிகாரத்தில் லூக்கா எழுதியிருப்பது கிட்டத்தட்ட அப்படி ஒரு மினிட்தான். இப்போது நான் இருக்கிற சபையில் அடுத்த மாதம் பொதுக்குழு. இதை எழுத்தில் கொடுக்கப் போகிறேன்.