அந்த 93 சதவீதக் கணக்கு

“பேச்சில் சொல்லுக்கு 7 சதவீதம்தான், மீதி 93 குரலும் முகமும்” என்று ஒருவர் எழுதியிருக்கிறார். தவறு. 1967-இல் உளவியலாளர் ஆல்பர்ட் மெஹ்ராபியன் வெளியிட்ட இரண்டு ஆய்வுகளை ஒட்டவைத்து வந்த எண்கள் இவை. அங்கே பேசப்பட்டவை ஒற்றைச் சொற்கள்; பார்த்தது விருப்பா வெறுப்பா என்பதை மட்டும். எல்லாப் பேச்சுக்கும் இது பொருந்தாது என்று அவரே சொல்லிவிட்டார்.

பெங்களூரு வந்த புதிதில், மடிவாளாவில் ஓர் ஆட்டோக்காரர் கன்னடத்தில் எரிந்து விழுந்தார். கோபம் குரலிலேயே தெரிந்தது. கூட 30 ரூபாய் கேட்கிறாரா, இறங்கச் சொல்கிறாரா? பக்கத்துக் கடை அண்ணன் தமிழில் சொன்ன பிறகுதான் விளங்கியது: என் பை வெளியே தொங்குகிறதாம்!

அம்மா போனில் இழுத்துச் சொல்லும் “சரிஇஇ” இருக்கிறதே, அதற்கு வேண்டுமானால் 93 கொடுக்கலாம்.