கல்விழுது உப்பளத்து உப்பு அல்ல

ஆந்திராவின் அரக்குப் பள்ளத்தாக்குக்கு டூர் போய் வருபவர்கள் போரா குகைப் படங்களுடன், அதன் கூரையிலிருந்து தொங்கும் கல்விழுதுகள் எப்படி உருவாகின்றன என்று ஒரு விளக்கத்தையும் பகிர்கிறார்கள்: "கூரையில் சொட்டும் நீர் ஆவியாகிவிடும், அதிலுள்ள சுண்ணாம்பு மட்டும் உப்பு போலத் தங்கிக் கல்லாகிவிடும்." கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் தவறு.

ஆழமான குகைக்குள் காற்றின் ஈரப்பதம் பெரும்பாலும் 100 சதவீதத்தை ஒட்டியே இருக்கும். துவைத்த துணியே காயாத இடத்தில் சொட்டு எப்படி ஆவியாகும்?

நடப்பது வேறு. மழைநீர் மண்ணுக்குள் இறங்கும்போது, வேர்களும் நுண்ணுயிர்களும் விடும் கார்பன் டை ஆக்சைடைக் கரைத்துக்கொண்டு லேசான அமிலமாகிறது. அந்த அமிலம் சுண்ணாம்புப் பாறையைக் கரைக்கிறது. குகைக் காற்றில் அந்த வாயு மண்ணில் இருந்ததைவிடக் குறைவு. அதனால் கூரையில் தொங்கும் சொட்டிலிருந்து, திறந்த சோடா பாட்டில் மாதிரி, வாயு வெளியேறுகிறது. அமிலத்தன்மை குறைந்ததும் சுண்ணாம்பைக் கரைத்து வைத்திருக்கும் சக்தி நீருக்கு இல்லை. சொட்டின் விளிம்பில் அந்தச் சுண்ணாம்பு, கால்சைட் என்ற கனிமமாக, வளையம் போலப் படிகிறது. வளையத்தின்மேல் வளையமாகச் சேர்ந்து, முதலில் உள்ளே துளையுள்ள ஸ்ட்ராதான் உருவாகும். துளை அடைத்த பிறகு நீர் வெளிப்புறமாக வழிந்து, விழுது தடிக்கிறது. தரையில் விழும் சொட்டு எழுப்பும் கல்முளைக்கு இந்தத் துளை கிடையாது.

அப்புறம், "ஓர் அங்குலம் வளர சரியாக 100 ஆண்டு" என்பதும் பொது விதி அல்ல. பல குகைகளில் வளர்ச்சி ஆண்டுக்கு 0.1 மில்லிமீட்டர் அளவில்தான். மழை, மண், வெப்பநிலையைப் பொறுத்து அது மாறும். நீர்வரத்து நின்றால் வளர்ச்சியும் நின்றுவிடும்.

குகை வாசல் அருகே, காற்றோட்டம் உள்ள இடத்தில், ஆவியாதலுக்கும் கொஞ்சம் பங்கு உண்டு. அதை மறுக்கவில்லை.