மெக்ஸிகோவுல விட்டுட்டு வந்த படம்

நேத்து ராத்திரி, சோவியத் டைரக்டர் ஐசன்ஸ்டீன் மெக்ஸிகோவுல எடுத்து முடிக்காமப் போன 'கே விவா மெஹிகோ'வோட 1979 வெர்ஷனை மறுபடி பாத்தேன், அப்புறம் எங்க தூக்கம் வர்றது.

ஐசன்ஸ்டீனோட மெக்ஸிகோ கதைன்னாலே நம்மாளுங்க படத்துக்குக் காசு போட்ட அமெரிக்கர் அப்டன் சின்க்ளேரை வில்லனாக்கிடுவாங்க. எனக்கு அதுல பாதிதான் உடன்பாடு. சின்க்ளேர் எழுத்தாளர்ங்க, சினிமாக்காரர் இல்ல. 1930ல ஹாலிவுட் கம்பெனி பாராமவுண்ட் கைகழுவி விட்ட டைரக்டரை நம்பி அவரும் அவர் சம்சாரமும் 25,000 டாலர் ஏற்பாடு பண்றாங்க, மூணு நாலு மாசத்துல முடிச்சிடலாம்னு பேச்சு, ஆனா ஒரு வருஷம் தாண்டியும் ஷூட்டிங் ஓடுது, செலவு ரெண்டு மடங்கைத் தாண்டிருச்சு, எடுத்த ஃபிலிம் மட்டும் ரெண்டு லட்சம் அடி கிட்ட! எந்த ப்ரொட்யூசர் தாங்குவாரு?

ஷூட்டிங் நடந்த டெட்லாபாயாக் பண்ணையில மழையால நாள் கணக்கா சும்மா உக்காந்திருக்காங்க. நடிச்ச பையன் கையில இருந்த துப்பாக்கி தவறி வெடிச்சு அவன் கூடப்பொறந்தவ செத்துப்போறா, பையன் ஜெயிலுக்குப் போறான். இதுக்கு நடுவுல 1931 நவம்பர்ல ஸ்டாலின்கிட்டருந்து சின்க்ளேருக்குத் தந்தி, ஐசன்ஸ்டீனை நாட்டை விட்டு ஓடிப்போனவனாத்தான் இங்க நினைக்கிறாங்கன்னு. பாவம், அந்தப் பக்கமும் கதவு சாத்தியாச்சு.

1932 ஜனவரில சின்க்ளேர் ஷூட்டிங்கை நிறுத்துனதைக்கூட மன்னிச்சிடலாம். ஃபிலிமை மாஸ்கோவுக்கு அனுப்புறேன்னு சொல்லிட்டு அனுப்பாம விட்டாரு பாருங்க, அதுதான் ஆறல. மத்த டைரக்டர்னா எடுத்ததுல பாதிப் படம் வந்திருக்கும், ஐசன்ஸ்டீனுக்கு எடிட்டிங்ல ஷாட்டோட ஷாட்டை மோதவிடுறதுதான் சினிமாவே. அந்தாளை எடிட்டிங் டேபிள்ல ஒரு நாள்கூட உக்காரவிடல. கழுத்துவரைக்கும் மண்ணுல புதைச்ச கூலிக்காரங்க மேல குதிரைங்க ஓடுற சீன் இருக்கே, அதை 1933ல ஹாலிவுட்ல யாரோ வெட்டி ஒட்டி சாதாரணப் பழிவாங்குற கதையா ரிலீஸ் பண்ணிட்டாங்க. 1948ல ஐசன்ஸ்டீன் போய்ச் சேந்துட்டாரு, 50 வயசுதான். ஃபிலிம் மாஸ்கோவுக்குப் போனதே 70கள்ல.

நான் பாத்தது அன்னைக்கு ஐசன்ஸ்டீன் கூடவே மெக்ஸிகோ போன அவரோட உதவியாளர் அலெக்சாண்ட்ரோவ் பின்னாடி கோத்தது. நல்லாத்தான் இருக்கு, ஆனா ரொம்ப ஒழுங்கா இருக்கு, ஐசன்ஸ்டீன் இவ்ளோ ஒழுங்கா வெட்டமாட்டாரு. புரட்சியில சிப்பாய்ங்க கூடவே நடந்த பொம்பளைங்க கதை, 'சோல்தாதேரா', அது எடுக்கவே இல்ல. அந்த இடம் வந்ததும் போட்டோக்களைக் காட்டி வாயால கதை சொல்லிட்டு நகர்றாங்க. அங்க நிறுத்திட்டேன், மிச்சத்தை இன்னும் பாக்கல.