ஹொல்மன்கொலனை இடித்தது சரிதான்

பனியில் சறுக்கி வந்து காற்றில் பறந்து இறங்கும் விளையாட்டுக்கான, நோர்வேயின் ஒஸ்லோவில் உள்ள ஹொல்மன்கொலன் ஸ்கீ ஜம்ப் மேட்டைப் பற்றிப் பேச்சு வந்தாலே யாராவது ஒருவர் பெருமூச்சு விடுவார். நூறு வருடப் பழைய கோபுரத்தை இடித்துவிட்டு, மலை உச்சியில் இரும்பு அகப்பை ஒன்றைக் கவிழ்த்து நட்டுவிட்டார்களாம். அகப்பை என்பது சரி, பார்க்க அப்படித்தான் இருக்கிறது. மற்றது தவறு. அங்கே நூறு வருடம் பழையது இடம் மட்டும்தான்.

அந்த இடமே இரண்டாவது தெரிவு. 1879இலிருந்து நகரத்தின் போட்டிகள் ஹூசபி என்ற சரிவில் நடந்தன. அது தாழ்வான இடம், பனியை நம்ப முடியாது. ஸ்கீ விளையாட்டை வளர்க்க 1883இல் தொடங்கிய சங்கம் மேலே ஏறி ஹொல்மன்கொலனைப் பிடித்தது. முதல் போட்டி 1892 ஜனவரி 31. குச்சிகளை அடுக்கி மேலே பனி போட்ட ஒரு சின்னத் திட்டு, அவ்வளவுதான் அன்றைய 'அரங்கம்'. அதிகத் தூரம் 21.5 மீற்றர். அதைப் பார்க்கப் பத்தாயிரம் பேருக்கு மேல் மலையேறினார்கள். ஊருக்கு அப்போது கிறிஸ்தியானியா என்று பெயர். 1925இல்தான் ஒஸ்லோ ஆனது. 1898இல் நகரத்தின் மயூர்ஸ்துவன் பகுதியிலிருந்து மலைக்கு ரயில் போட்டார்கள். வேடிக்கை என்னவென்றால், அதே வருடம் பனி இல்லாமல் போட்டியே நடக்கவில்லை.

பிறகு நடந்தது முழுக்க இடிப்பும் கட்டுமானமும்தான். 1914இல் மேலே கோபுரம் வந்தது, அதற்குப் பின்னும் பலமுறை உயர்த்தினார்கள். 1952 குளிர்கால ஒலிம்பிக்குக்கு மறுபடி கட்டினார்கள். அன்று தங்கம் வென்ற ஆர்ன்ஃபின் பர்க்மன் தாண்டிய இரண்டு தாண்டல்கள் 67.5, 68 மீற்றர். ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கூட்டம். 1982 உலகச் சாம்பியன்ஷிப்புக்கு இன்னொரு தடவை மாற்றினார்கள். 2008 ஒக்டோபரில் இடிபட்டது இப்படி ஒட்டுப்போட்டு ஒட்டுப்போட்டு வந்த ஒன்று. 2011 உலகச் சாம்பியன்ஷிப்புக்கு அது தரத்தில் போதாது என்று சர்வதேச ஸ்கீ சம்மேளனம் 2005இலேயே சொல்லிவிட்டது.

கொஞ்சம் உயர்த்திவிட்டுப் போயிருக்கலாமே என்று கேட்பவர்களுக்குத்தான் இந்தப் பதிவு. ஸ்கீ ஜம்ப்பில் 'கொஞ்சம்' என்பது கிடையாது.

தாண்டுபவர் வானத்தில் ஏறுவதில்லை. மேலிருந்து சறுக்கி வேகம் பிடிக்கும் ஓடுபாதையின் கடைசி விளிம்பு மேல்நோக்கி இருக்கிறது என்று பலர் நினைக்கிறார்கள். அது ஏறக்குறைய 11 பாகை கீழ்நோக்கித்தான் சாய்ந்திருக்கும். விளிம்பைத் தாண்டியதும் அவர் விழத்தான் செய்கிறார், ஆனால் கீழே இருக்கும் மலையும் கிட்டத்தட்ட அவர் விழும் கோணத்திலேயே விழுந்துகொண்டிருக்கிறது. அதனால்தான் நூறு மீற்றருக்கு மேல் போய் இறங்கியும் முழங்கால் உடைவதில்லை. பாதத்தில் ஏறும் அடி மொத்த வேகத்தால் வருவதில்லை. சரிவுக்குச் செங்குத்தான பங்கு மட்டும்தான் அடிக்கும். சரிவு தட்டையாகும் இடத்தில் அந்தப் பங்கு சட்டென்று ஏறும்.

ஒவ்வொரு மேட்டுக்கும் எழுதியிருக்கும் இரண்டு எண்களின் பொருள் இதுதான். இன்றைய ஹொல்மன்கொலனில் கே புள்ளி 120 மீற்றர். அதைக் கடந்தால் சரிவு தளரத் தொடங்கும். மேட்டின் அளவு 134 மீற்றர். அதற்கு மேல் போகப் போகத் தரை தட்டையாகும், இறங்குவது ஆபத்து. கோபுரத்தை மட்டும் உயர்த்தினால் வேகம் கூடும், ஆட்கள் 134ஐத் தாண்டிப் போய் விழுவார்கள். அதைத் தடுக்கச் சரிவைத் தோண்ட வேண்டும், தோண்டினால் அடிவாரத்தின் வளைவை மாற்ற வேண்டும், மாற்றினால் பார்வையாளர் படிகள் பெயரும், நடுவர் கோபுரம் இடம் மாறும். ஒன்றைத் தொட்டால் எல்லாம் அசையும். பாணியும் மாறிவிட்டது. ஸ்கீ இரண்டையும் இணையாகப் பிடித்துப் பறந்த காலத்துப் பாதை வேறு. எண்பதுகளில் சுவீடனின் யான் பொக்லவ் கொண்டுவந்த 'வி' வடிவத்தில் ஆள் காற்றில் படுத்துக்கொண்டு போகிறார், பாதை தட்டையாகிறது. பழைய ஆளுக்குத் தைத்த சட்டை புதிய ஆளுக்குப் பொருந்துமா?

புதிய கட்டடத்தின் வடிவமைப்பு ஜே.டி.எஸ். என்ற கட்டடக்கலை நிறுவனத்துடையது. ஏறக்குறைய ஆயிரம் தொன் உருக்கு. அழகை விடுங்கள், எனக்கு அதில் பிடித்தது காற்றுத் தடுப்பு. மற்ற மேடுகளில் வலையைப் பிறகு கொண்டுவந்து கட்டுவார்கள். இங்கே ஓடுபாதையின் இரு பக்கத்து உருக்கு வலையே தடுப்பு, கட்டடத்தோடு பிறந்தது. ஏன் அவ்வளவு முக்கியம்? விளிம்பில் வேகம் மணிக்குத் தொண்ணூறு கிலோமீற்றருக்கு மேல், அதாவது செக்கனுக்கு 25 மீற்றர். கால்களை நிமிர்த்தி உந்துவதற்கு ஏறக்குறைய 0.3 செக்கன். ஆக, விளிம்புக்கு ஏழெட்டு மீற்றர் முன்பே உந்தத் தொடங்க வேண்டும். 0.05 செக்கன் பிந்தினால் 1.25 மீற்றர் போய்விடும். மிச்ச உந்தல் வெறும் காற்றில்தான். முந்தினால் விளிம்பு வருமுன் கால் நிமிர்ந்து, மார்பில் காற்று அறைந்து ஆளை நிறுத்திவிடும். அந்த நேரத்தில் பக்கக்காற்று ஒன்று வீசினால் கதை முடிந்தது.

மூடுபனிக்கு மட்டும் அங்கே எந்த இரும்பும் மருந்தில்லை. கீழே நின்றால் ஓடுபாதையே தெரியாத நாட்கள் வரும். வெளிச்சம் மங்கினால் பனியில் மேடு பள்ளமும் தெரியாது. எல்லாம் ஒரே வெள்ளை. தரை எங்கே என்று தெரியாமல் இறங்குபவர் காலை முன்னதாக விரித்தோ பிந்தி விரித்தோ விழுகிறார். இதற்கு ஒரு பழைய வைத்தியம்: ஊசியிலை மரத்தின் சின்னச் சின்னக் கிளைகளை இறங்கு சரிவில் தூவிவிடுவது. கோடிக்கணக்கில் கொட்டிக் கட்டிய மேட்டிலும் கண்ணுக்குத் தரையைக் காட்டுவது அந்தப் பச்சைத் துணுக்குகள்தான்.

அந்தப் பனியும் தானாக நிற்பதில்லை. 35 பாகை அளவு சரிவில் கொட்டினால் பாளமாக வழுக்கிக்கொண்டு வந்துவிடும். அடியில் வலை விரித்து, மேலே நிரப்பி, கம்பியில் கட்டிய வண்டியால் அழுத்தி, இளகினால் உப்புத் தூவி இறுக்குவார்கள்.

தூரம் மட்டும் பார்ப்பவர்கள் புள்ளிப் பலகையைப் பார்த்துக் குழம்புவார்கள். கே புள்ளியில் இறங்கினால் 60 புள்ளி. அதற்கு மேல் இந்த அளவு மேட்டில் மீற்றருக்கு 1.8. ஆக 130 மீற்றருக்கு 78. நடுவர் ஐவரில் கூடியதையும் குறைந்ததையும் தள்ளி மூன்று பேர் புள்ளி மட்டும் சேரும். ஆளுக்கு 18 என்றால் 54. மொத்தம் 132, பிறகு காற்றுக்கும் தொடக்க வாயிலுக்கும் (தாண்டுபவர் உட்கார்ந்து புறப்படும் இடம்) கூட்டல் கழித்தல். ஒரு காலை முன்வைத்து முழங்கால் மடித்து இறங்கும் தெலமார்க் தவறினால் நடுவர்கள் புள்ளி வெட்டுவார்கள். ஆளுக்கு 2 வெட்டினாலே போதும். மூவருக்கு 6, அதாவது மூன்று மீற்றருக்கும் மேல் பறந்தது வீண்.

இடித்தது சரி என்கிறேன், அதற்காக நடந்த எல்லாவற்றுக்கும் கை தட்டவில்லை. முழு அரங்கத்துக்கும் சேர்த்து ஏறக்குறைய 180 கோடி நோர்வே குரோனர் போனது, முதலில் சொன்ன கணக்கை அது எங்கோ விட்டுவிட்டது. அவ்வளவு கொட்டியும் பெரிய மேட்டில் பனி இருக்கும்போதுதான் தாண்டலாம். வருடத்தின் பெரும்பகுதி அது சுற்றுலாப் பயணிகளுடையது.

அதைவிடக் கசப்பானது திறப்பு. முதல் தாண்டல் அனெத்த சாகன் என்ற வீராங்கனைக்கு என்று ஊரறிய முடிவாகியிருந்தது. பெண்களுக்கு ஒலிம்பிக் ஸ்கீ ஜம்பிங் கதவு திறக்காத காலம் அது, 2014இல்தான் திறந்தது. 2010 மார்ச் 3 அன்று அவர் தாண்டினார். ஆனால் சோதனைத் தாண்டல் என்ற பெயரில் பியோர்ன் எய்னார் ரோமொரன் என்ற ஆண் வீரர் அதற்கு முன்பே தாண்டி முடித்திருந்தார். சோதனை தேவையென்றால் சாகனையே தாண்ட விட்டிருக்கலாமே? அவர் என்ன, புதிதாக ஸ்கீ மாட்டியவரா?

ஒஸ்லோவுக்கு உறவுகள் வந்தால் முதலாம் இலக்க மெட்ரோவில் கூட்டிப்போங்கள். கோபுரத்துக்கு லிஃப்ட் உண்டு, அது சாய்வாக ஏறும். அடியில் 1923இல் தொடங்கிய ஸ்கீ அருங்காட்சியகம். உச்சியில் நிலத்துக்குள் நுழைந்த கடலான ஃபியோர்டைப் பின்னணியில் வைத்துப் படம் எடுத்து முடித்த பிறகு ஒரு தடவை கீழே பாருங்கள்: இறங்கு சரிவு உங்கள் கண்ணுக்கே படாது. தொடக்க வாயிலின் கட்டையில் உட்கார்ந்திருக்கும் வீரருக்கும் அது தெரிவதில்லை.