கண்ணுக்குப் பதில் காதா?

பார்வையற்ற இசைக் கலைஞர் ஒருவரைப் பற்றிப் பேச்செடுத்தாலே, "ஆண்டவன் கண்ணை எடுத்துக்கொண்டு காதைக் கொடுத்துவிட்டான்" என்று யாராவது சொல்ல, சுற்றி இருப்பவர்கள் தலையாட்டுவது வழக்கமாகிவிட்டது. நல்லெண்ணத்தில் சொல்வதுதான் என்றாலும், அந்தப் பாராட்டு அவருடைய உழைப்பை மொத்தமாக மறைத்துவிடுகிறது என்பது என் கருத்து.

ஸ்பெயின் இசையமைப்பாளர் ஹோவாக்கின் ரோட்ரிகோ 1901இல் வாலென்சியாவுக்கு அருகிலுள்ள சகுந்தோவில் பிறந்து, மூன்று வயதில் தொண்டை அடைப்பான் நோயால் பார்வையை இழந்தவர். கிட்டாருக்கும் இசைக்குழுவுக்குமாக அமைந்த, கிட்டார் உலகமே கொண்டாடும் 'கொன்சியெர்த்தோ தே அரான்ஹுவெஸ்' படைப்பை 1939இல் பாரிஸில் எழுதினார். இத்தனைக்கும் அவர் கிட்டார் கலைஞர் அல்லர். அவருடைய வாத்தியம் பியானோ.

அதை அவர் எழுதிய விதத்தைத்தான் நாம் பேச வேண்டும். பார்வையற்றோர் விரலால் தடவிப் படிக்கும் பிரெய்ல் இசைக்குறியீட்டில், மேற்கத்திய இசையை எழுதப் பயன்படும் ஐந்து கோடுகள் கிடையாது. ஆறு புள்ளிகள் கொண்ட ஒரே கட்டத்துக்குள் சுரமும் அதன் கால அளவும் அடங்கிவிடும், எந்த ஸ்தாயி என்பதை முன்னால் நிற்கும் தனிக்குறி சொல்லும். கண் பார்வை உள்ளவர் எல்லா வாத்தியங்களின் பகுதிகளையும் ஒரே பக்கத்தில் மேலும் கீழுமாகப் பார்த்துவிடலாம். விரலுக்கு அந்த வசதி இல்லாததால், ஒவ்வொன்றையும் தனித்தனியே தடவிப் படித்து, சேர்ந்து ஒலிக்கும்போது எப்படி இருக்கும் என்பதை மனத்துக்குள்ளேயே அடுக்கிக்கொள்ள வேண்டும். ரோட்ரிகோ பிரெய்ல் பொறியில் எழுதி முடித்தபின், படியெடுப்பவர் ஒருவரை அருகில் உட்காரவைத்து, கால அளவு, நிறுத்தம் உட்பட அத்தனையையும் சுரம் சுரமாக வாயால் சொல்லி எழுதவைத்தார். இந்த வேலைகளில் அவருக்குத் துணை நின்ற மனைவி விக்டோரியா காம்ஹியும் பியானோ கலைஞர்தான். இவ்வளவையும் "காது வரம்" என்று இரண்டே சொல்லில் முடித்துவிடுவது நியாயமில்லை.

வாசிப்பவருக்கு வேறொரு சிக்கல். இரண்டு கைகளும் கிட்டாரில் இருக்கும்போது புள்ளிகளைத் தடவ மூன்றாவது கை ஏது? முழுவதையும் மனப்பாடம் செய்த பிறகே மேடையேற முடியும்.

2013இல் உருவான மராகேஷ் ஒப்பந்தம், பார்வையற்றோருக்கு ஏற்ற வடிவில் நூல்களோடு இசைக்குறியீட்டையும் பதிப்புரிமையாளரின் அனுமதி இல்லாமலே படியெடுக்க வழிவிட்டது. 2014இல் அதை முதலில் ஏற்புறுதி செய்த நாடு இந்தியா. அனுமதி வந்தாயிற்று என்பதற்காகப் படி கைக்கு வந்துவிடாது. இசையும் பிரெய்லும் தெரிந்த ஒருவர் உட்கார்ந்து சரிபார்க்க வேண்டும், அவருக்குச் சம்பளம் தர யாராவது முன்வர வேண்டும். பார்வையற்ற கலைஞருக்குப் பொன்னாடை போர்த்தும் சபாக்கள் அந்தச் செலவில் ஒரு பங்கை ஏற்கலாமே என்பதுதான் என் கேள்வி.