சுரங்க ரயில் நின்றால் 10 நிமிடத்தில் மூச்சு முட்டுமா?

“சுரங்கத்தில் ரயில் நின்றால் 10 நிமிடத்தில் பெட்டிக்குள் ஆக்சிஜன் தீர்ந்துவிடும், உடனே கண்ணாடியை உடைத்து இறங்கிவிடுங்கள்” என்று ஒரு செய்தி வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. இது தவறு. அதில் உள்ள அறிவுரை ஆபத்தானதும்கூட.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு பெட்டிக்குள் சுமார் 120 கன மீட்டர் காற்று என்று வைத்துக்கொண்டால், அதில் ஆக்சிஜன் மட்டும் ஏறத்தாழ 25,000 லிட்டர். சும்மா இருக்கும் ஒருவர் நிமிடத்துக்குச் சுமார் கால் லிட்டர் ஆக்சிஜன் எடுத்துக்கொள்கிறார். 200 பேருக்கு 10 நிமிடத்தில் 500 லிட்டர். அதாவது 100-ல் 2 பங்குதான். பெட்டியை முழுக்க அடைத்துவிட்டாலே இந்த நிலைதான். உண்மையில் எந்தப் பெட்டியும் அப்படிக் காற்றுப் புகாமல் அடைபட்டிருப்பதில்லை.

சரி, அப்புறம் ஏன் மூச்சு முட்டுகிறது? ஏசி நின்றதும் வெக்கை ஏறும். பயத்தில் வேகவேகமாக மூச்சு விட்டால் ரத்தத்தில் கார்பன் டை ஆக்சைடு குறைந்து தலை சுற்றும், விரல்கள் மரத்துப்போகும். அந்தத் தவிப்பு பொய்யில்லை, ஆக்சிஜன் தீர்ந்ததால் வருவதும் இல்லை. மெதுவாக மூச்சை வெளியே விட்டால் கொஞ்சம் கொஞ்சமாக அடங்கும்.

தண்டவாளத்தில் இறங்குவதுதான் உயிருக்கு ஆபத்து. பல நகரங்களில் பக்கவாட்டில் ஓடும் மூன்றாவது தண்டவாளத்தில் 600 முதல் 750 வோல்ட் வரை மின்சாரம் பாயும். பக்கத்துப் பாதையில் ரயிலும் வரலாம். புகையோ தீயோ கண்ணில் பட்டால் கதை வேறு: அப்போது காத்திருக்காமல் அவசர பட்டனை அழுத்தி ஓட்டுநரிடம் சொல்லுங்கள், அடுத்த பெட்டிக்குப் போக வழி இருந்தால் நகருங்கள்.